நஞ்சுப் பழி: அரியணை இழந்து சென்னையில் மறைந்த பரோடா மன்னர்

பெங்களூரு: இன்றைய கப்பன் பூங்கா 1870-ல் அமைக்கப்பட்டபோது மீட் பூங்கா என்றே அழைக்கப்பட்டது. அக்காலத்தில் மைசூரின் தலைமை ஆணையராக இருந்த ரிச்சர்டு மீடுக்கு, பரோடா மன்னர் மல்ஹர்ராவ் கெய்க்வாட்டின் வீழ்ச்சியிலும் பங்குண்டு.

மல்ஹர்ராவ் மீதான பழி குடும்பத்துக்குள்ளேயே தொடங்கியது. மன்னராக இருந்த அண்ணன் கண்டேராவை நஞ்சாலோ மாந்திரீகத்தாலோ கொல்லச் சதி செய்தார் என்ற குற்றச்சாட்டின்பேரில் 1863-ல் பாத்ராவில் சிறைவைக்கப்பட்டார். 1870 நவம்பரில் கண்டேராவ் ஆண் வாரிசின்றி இறக்கவே, கைதியான தம்பியே அரியணை ஏறினார். அப்போது அண்ணி ஜம்னாபாய் கருவுற்றிருந்தார். 1871-ல் பெண் குழந்தை பிறந்ததால் மல்ஹர்ராவின் பதவி நிலைத்தது.

ஆட்சியின் மீது புகார்கள் குவிந்தன. 1873-ல் அவற்றை விசாரித்த ஆணையத்துக்குத் தலைமை வகித்தவர் மீட். நிர்வாகத்தைச் சீர்திருத்த 1875 இறுதிவரை மன்னருக்கு அவகாசம் தரப்பட்டது. தாதாபாய் நவரோஜி திவான் பொறுப்பேற்றார். எனினும் ஆங்கிலேய ரெசிடென்ட் ராபர்ட் ஃபேருடன் பகை முற்றியது. அவரை மாற்றக் கோரி 1874 நவம்பர் 2-ல் மன்னர் வைஸ்ராய் நார்த்புரூக்குக்குக் கடிதம் அனுப்பினார்.

சரியாக ஒரு வாரம் கழித்து, நவம்பர் 9 அன்று, ஃபேர் தமது வழக்கமான பம்பளிமாஸ் சர்பத்தைச் சிறிது பருகிவிட்டு மீதியைக் கொட்டினார். குவளையின் அடியில் வண்டல் தெரிந்தது. அதில் ஆர்சனிக்கும் வைரத்தூளும் கலந்திருப்பதாகச் சோதனையில் கூறப்பட்டது.

1875 பிப்ரவரியில் வங்காளத் தலைமை நீதிபதி ரிச்சர்டு கவுச் தலைமையில் ஆறு பேர் ஆணையம் பரோடாவில் விசாரணையைத் தொடங்கியது. மன்னருக்காக வாதாட லண்டனிலிருந்து வழக்கறிஞர் பாலன்டைன் வரவழைக்கப்பட்டார். மன்னர் மீதான வழக்கு பெரிதும் ரெசிடென்சி காவலாளி ராவ்ஜி, அரண்மனைச் செயலர் தாமோதர் பந்த் ஆகியோரின் வாக்குமூலங்களையே சார்ந்திருந்தது. இருவருமே மன்னிப்பு உறுதி பெற்றவர்கள்.

முடிவில் ஆணையம் சரிபாதியாகப் பிளந்தது. மீட் உள்ளிட்ட மூன்று ஆங்கிலேயர் குற்றம் நிரூபணமானதாகக் கருதினர். குவாலியர், ஜெய்ப்பூர் மன்னர்களும் தினகர் ராவும் அதை ஏற்கவில்லை. ஆட்சிக்கு எதிராக முன்பே அறிக்கை அளித்தவர் மீண்டும் விசாரணை இருக்கையில் அமர்ந்தது நெருடலானதுதான்.

தீர்ப்பு எட்டப்படாதபோதும் ஏப்ரலில் மல்ஹர்ராவ் பதவி நீக்கப்பட்டார். அதற்குச் சொல்லப்பட்ட காரணம் நஞ்சு அன்று, சீர்கேடான ஆட்சி. வாரிசைத் தத்தெடுக்கும் உரிமை ஜம்னாபாய்க்குக் கிடைத்தது. அவர் தேர்ந்தெடுத்த 12 வயதுச் சிறுவனே பின்னாளில் புகழ்பெற்ற மூன்றாம் சாயாஜிராவ்.

சென்னைக்கு அனுப்பப்பட்ட மல்ஹர்ராவ், நுங்கம்பாக்கம் டவ்டன் மாளிகையில் காவலில் வைக்கப்பட்டார். அவ்வளாகத்தில்தான் இன்று மகளிர் கிறித்தவக் கல்லூரி இயங்குகிறது. பரோடாவுக்குத் திரும்பாமலே 1882-ல் அவர் சென்னையில் காலமானார்.