நிஜத்தில் அழுதவர்... சினிமாவில் வில்லன்! - பாக்ஸிங் சாம்பியன் மேக்ஸ் பேயரின் இன்னொரு ரவுண்டு

'சிண்ட்ரெல்லா மேன்' படம் பார்த்திருக்கீங்களா? 2005-ல் வந்த ஹாலிவுட் படம். அதில் மேக்ஸ் பேயர்னு ஒரு வில்லன் வருவார். ரிங்கில் ரெண்டு பேரைக் கொன்ற திமிர், ஹீரோவின் மனைவியிடமே வம்பு என, பார்க்கிற நமக்கே அவரை ரெண்டு சாத்து சாத்தலாம்னு தோணும்.

நிஜ மேக்ஸ் பேயர் அப்படி இல்லை. அப்பாவை இப்படிக் காட்டிட்டாங்களேனு அவருடைய மகன் கொந்தளித்துவிட்டார்.

பேயர் 1909-ல் அமெரிக்காவின் ஒமாஹாவில் பிறந்தவர். அப்பாவுக்கு இறைச்சித் தொழில். கலிஃபோர்னியாவில் வளர்ந்த பேயரின் வலது கை, அடித்தால் இடி மாதிரி இறங்கும். அந்தக் கைதான் அவருக்கு வினையாகவும் வந்தது.

1930 ஆகஸ்ட். சான் ஃபிரான்சிஸ்கோவில் ஃபிராங்கி கேம்ப்பெல் என்பவரோடு மோதல். ஐந்தாவது ரவுண்டில் கயிற்றோரம் சிக்கிய கேம்ப்பெல்லை பேயர் அடித்துக்கொண்டே இருந்தார். நடுவர் நிறுத்தும்போது நேரம் கடந்துவிட்டது. மறுநாள் கேம்ப்பெல் இறந்துபோனார். பேயர் ஆஸ்பத்திரிக்கே போய் அவர் மனைவியைச் சந்தித்தார். வழக்கு வந்தது, விடுதலையும் ஆனார். ஆனா தூக்கம் போச்சு. அடுத்தடுத்த சண்டைகளில் கிடைத்த பணத்தை கேம்ப்பெல் குடும்பத்துக்குக் கொடுத்தார். பல வருஷம் கெட்ட கனவு வந்து அப்பா அலறுவார்னு மகன் பின்னாளில் சொல்லியிருக்கிறார். அதன் பிறகு ரிங்கில் கோமாளித்தனம் செய்து கூட்டத்தைச் சிரிக்க வைப்பதுதான் பேயரின் ஸ்டைலாக மாறியது. முழு பலத்தோட அடிக்கப் பயந்திருப்பாரோ என்னவோ!

1933 ஜூனில், ஜெர்மனியின் மேக்ஸ் ஷ்மெலிங்கை நியூயார்க்கில் வீழ்த்தினார். அன்று அவர் டிரவுசரில் இருந்தது யூதர்களின் நட்சத்திரச் சின்னம். ஹிட்லர் ஆட்சிக்கு வந்து அப்போது சில மாதங்கள்தான் ஆகியிருந்தன.

உடனே ஹாலிவுட் கூப்பிட்டது. எம்.ஜி.எம். தயாரித்த 'தி பிரைஸ்ஃபைட்டர் அண்ட் தி லேடி'யில் பேயர்தான் ஹீரோ, மிர்னா லாய் ஹீரோயின். ஆடினார், பாடினார், அசத்தினார். செம மேட்டர் என்னன்னா, படத்தில் அவரோடு மோதுபவர் அன்றைய நிஜ ஹெவிவெயிட் சாம்பியன் பிரிமோ கார்னேரா. நடுவராக வருபவர் முன்னாள் சாம்பியன் ஜாக் டெம்ப்சி. படத்தில் அந்தச் சண்டை டிரா. ஆனா, ஷூட்டிங்கில் கார்னேராவின் அசைவுகளை பேயர் நல்லா நோட் பண்ணிக்கிட்டார்னு சொல்வாங்க. 1934 ஜூனில் இருவரும் நிஜமாகவே மோதினார்கள். கார்னேரா திரும்பத் திரும்ப விழுந்தார். பதினோராவது ரவுண்டில் பேயர் உலக சாம்பியன்! அதே வருஷம் நாஜி அரசு அந்தப் படத்தை ஜெர்மனியில் தடை செய்தது.

பட்டம் ஒரு வருஷம்கூட நிலைக்கவில்லை. 1935 ஜூன் 13-ல் ஜேம்ஸ் பிராடக்கிடம் தோற்றார். 'சிண்ட்ரெல்லா மேன்' காட்டுவது அந்தச் சண்டையைத்தான். அடுத்து ஜோ லூயிஸ் நான்கே ரவுண்டில் சாய்த்தார். 1941-ல் கிளவுஸைக் கழற்றியாச்சு. பிறகு முழுக்க காமெடி ரூட்டுதான். தம்பி படி பேயரோடு 'ஆஃப்ரிக்கா ஸ்க்ரீம்ஸ்', இன்னொரு முன்னாள் சாம்பியன் மேக்ஸி ரோஸன்ப்ளூமோடு நைட் கிளப் மேடைகள், குறும்படங்கள்.

1956-ல் வந்தது 'தி ஹார்டர் தே ஃபால்'. ஹம்ப்ரி போகார்ட்டின் கடைசிப் படம். கார்னேராவின் கதையைத் தழுவியது என்பது பார்த்தவர்களுக்கெல்லாம் புரிந்தது. கார்னேராவே கோர்ட்டுக்குப் போனார். அதில் சாம்பியன் வேடம் பேயருக்கு. அந்தச் சாம்பியனிடம் செம அடி வாங்கிய ஒரு வீரர், அடுத்த சண்டையில் வேறொருவர் கையால் விழுந்து இறப்பார். அவனைக் கொன்றது நான்தான், பேர் மட்டும் இன்னொருத்தனுக்கானு சாம்பியன் எகிறுவார்.

இதுவும் நிஜத்தில் நடந்ததுதான். 1932-ல் பேயரிடம் பலமாக அடிவாங்கிய எர்னி ஷாஃப், 1933-ல் கார்னேராவுடன் மோதிய பிறகு இறந்தார். பழைய அடிதான் காரணம்னு பலரும் பேயரைக் கைகாட்டினார்கள். எந்தச் சாவு தன்னைத் துரத்தியதோ, அதையே பெருமையாகப் பேசும் வசனத்தை பேயர் கேமரா முன்னால் பேசினார். ஏன் ஒப்புக்கொண்டார்? சம்பளத்துக்காகத்தான்னு சுலபமா சொல்லிடலாம். ஆனா, அந்த சீனைப் பார்க்கும்போது எனக்கு வயிற்றைப் பிசைந்தது. 'சிண்ட்ரெல்லா மேன்'ல நாம பார்த்த திமிர், நிஜ பேயரைவிட இந்த வேடத்துக்குத்தான் நெருக்கம்.

1959 நவம்பர் 21. ஹாலிவுட் ரூஸ்வெல்ட் ஹோட்டலில் ஷேவிங் செய்துகொண்டிருந்த பேயருக்கு நெஞ்சு வலி. போனில் டாக்டர் கேட்டார். ஹவுஸ் டாக்டரை அனுப்புவதாகச் சொன்னார்களாம். எனக்கு வீட்டுக்கு வைத்தியம் பார்க்கிற டாக்டர் வேண்டாம், மனுஷனுக்குப் பார்க்கிறவர்தான் வேணும்னு அந்த வலியிலும் ஜோக் அடித்ததாகச் சொல்வார்கள். கொஞ்ச நேரத்தில் உயிர் பிரிந்தது. வயது 50.

சாக்ரமென்டோவில் நடந்த இறுதிச் சடங்கில் சவப்பெட்டியைச் சுமந்தவர்களில், நான்கே ரவுண்டில் அவரைச் சாய்த்த ஜோ லூயிஸும், சினிமாவில் அவருக்கு நடுவராக நின்ற ஜாக் டெம்ப்சியும் இருந்தார்கள்.