குயிலுக்குச் செவி கொடுத்த கவி

எட்டயபுரத்தில் 1882-இல் பிறந்த சுப்பிரமணிய பாரதியார், இளமையில் சில ஆண்டுகள் காசியில் தங்கிக் கல்வி பயின்றவர். ஆதலால் அவரும் ஒரு காலத்தில் நம்மைப் போன்ற வெளியூர்த் தமிழரே.

1908-இல் ‘இந்தியா’ பத்திரிகையின்மீது ஆங்கில அரசின் சினம் பாய்ந்தது. கைதாகாமல் தப்பி, பிரெஞ்சுக்காரர் ஆண்ட புதுச்சேரியை அடைந்தார். 1910-இல் பத்திரிகையும் நின்றது. வருவாய் இல்லை, ஒற்றர் தொல்லையோ ஓயவில்லை. அந்நாட்களில் அவருக்கு ஆறுதல் அளித்தது ஊரை அடுத்த ஒரு மாந்தோப்பு. இளங்காலையில் அங்கே கூவும் குயிலையே தலைவியாக்கிக் ‘குயில் பாட்டு’ இயற்றினார்.

வீட்டிலும் அவ்வாறே. மனைவியார் செல்லம்மாள் சமையலுக்கென வைத்திருந்த அரிசியை முற்றத்துச் சிட்டுக்குருவிகளுக்கு வாரி இறைத்துவிட்டு, அவற்றின் ஆரவாரத்தில் மெய்மறந்து நின்றாராம். வீட்டிலோ வேறு அரிசி இல்லை! நம் இல்லத்தரசிகள் இதனை எளிதில் மன்னிக்கமாட்டார்கள். அவ்வம்மையாரின் பொறுமைக்கும் தமிழுலகம் கடன்பட்டிருக்கிறது என்பேன்.

பத்தாண்டுகள் கழித்து, 1918 நவம்பரில் புதுச்சேரியை விட்டுப் புறப்பட்டவரைக் கடலூரருகே கைது செய்தனர். சில வாரங்களில் விடுதலை கிடைத்தது. 1921 செப்டம்பரில், முப்பத்தெட்டே வயதில், சென்னைத் திருவல்லிக்கேணியில் காலமானார். ‘குயில் பாட்டு’ தனி நூலாக வெளிவந்ததைக் காண அவர் இல்லை.