சையது அப்துல் ரகீம்

சையது அப்துல் ரகீம் (ஆகஸ்ட் 17, 1909 – ஜூன் 11, 1963) இந்தியக் கால்பந்துப் பயிற்றுனரும், முன்னாள் ஆட்டக்காரரும், பள்ளி ஆசிரியரும் ஆவார். ஐதராபாத்தைச் சேர்ந்த இவர் 1950 முதல் தமது இறப்பு வரை ஐதராபாத் நகரக் காவல்துறை அணிக்கும், 1950களின் தொடக்கத்திலிருந்து 1962 வரை இந்தியத் தேசிய அணிக்கும் பயிற்றுனராக விளங்கினார். இவரது பயிற்சியில் இந்திய அணி 1951, 1962 ஆகிய ஆண்டுகளில் ஆசிய விளையாட்டுப் போட்டிகளில் தங்கப் பதக்கம் வென்றது. 1956 மெல்பேர்ண் ஒலிம்பிக்கில் அரையிறுதிக்கு முன்னேறி நான்காம் இடம் பெற்றது. ஒலிம்பிக் கால்பந்தில் அரையிறுதியை எட்டிய முதல் ஆசிய அணி இதுவே. ஆட்டக்காரர்கள் இவரை ரகீம் சாகிப் என்று அழைத்தனர்.

இளமையும் ஆசிரியப் பணியும்

ரகீம் 1909 ஆம் ஆண்டு அன்றைய நிசாம் ஆட்சிக்குட்பட்ட ஐதராபாத்தில் பிறந்தார். உசுமானியா பல்கலைக்கழகத்தில் பயின்ற காலத்தில் அதன் கால்பந்து அணிக்காக ஆடினார். படிப்பு முடிந்தபின் ஆசிரியப் பணியில் சேர்ந்து ஐதராபாத் நகரின் பள்ளிகள் சிலவற்றில் கற்பித்தார். பின்னர் உடற்கல்வியில் பட்டயம் பெற்று, பள்ளிகளில் விளையாட்டுப் பொறுப்பையும் ஏற்றார். கற்பித்தலே இவரது தொழில். ஓர் ஆட்டத்திறனைச் சிறு கூறுகளாகப் பிரித்து, ஒவ்வொன்றையும் தனித்தனியே பழக்கிய பிறகே அடுத்ததற்குச் செல்லும் இவரது பிற்காலப் பயிற்சி முறையில் வகுப்பறையின் பழக்கம் தெளிவாகத் தெரிகிறது.

1940களின் தொடக்கத்தில் ஐதராபாத் கால்பந்துச் சங்கத்தின் செயலாளராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். இப்பொறுப்பை இறக்கும் வரை வகித்தார். நகரில் ஆட்டங்களை நடத்துவது, இளைஞர்களைத் தேடிக் கண்டறிவது, அவர்களுக்குப் பயிற்சி அளிப்பது ஆகிய மூன்றும் இதனால் ஒருவர் கையிலேயே இருந்தன. ஐதராபாத் கால்பந்தின் வளர்ச்சிக்கு இது பெரிதும் உதவியது.

ஐதராபாத் நகரக் காவல்துறை அணி

1950 ஆம் ஆண்டில் ரகீம் ஐதராபாத் நகரக் காவல்துறை அணியின் பயிற்சிப் பொறுப்பை ஏற்றார். அக்காலத்தில் இந்தியக் கால்பந்தின் தலைநகராகக் கல்கத்தா கருதப்பட்டது. மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால் ஆகிய கழகங்களே நாட்டின் பெரும் அணிகளாக இருந்தன. ரகீமின் காவல்துறை அணி இந்நிலையை மாற்றியது. பம்பாயில் நடைபெற்ற ரோவர்ஸ் கோப்பையை 1950 முதல் 1954 வரை தொடர்ந்து ஐந்து முறை வென்றது. தில்லியில் அக்காலத்தில் நடைபெற்ற டூராண்டு கோப்பையையும் 1950, 1954, 1957 ஆகிய ஆண்டுகளில் கைப்பற்றியது. ஆந்திரப் பிரதேசம் உருவான பின்னர் இவ்வணி ஆந்திரக் காவல்துறை என்ற பெயரில் ஆடி, 1961 இல் மீண்டும் டூராண்டு கோப்பையைப் பெற்றது. மாநிலங்களுக்கு இடையிலான சந்தோஷ் கோப்பையை ஐதராபாத் அணி 1956, 1957 ஆகிய இரு ஆண்டுகளிலும் வென்றது.

நூர் முகம்மது, அசிசுதீன், அகமது உசேன், சுல்பிகாருதீன் முதலிய ஐதராபாத் வீரர்கள் இவரது வழிகாட்டலில் தேசிய அணிக்கு உயர்ந்தனர்.

தேசிய அணியில்

1951 மார்ச்சில் புதுதில்லியில் முதலாவது ஆசிய விளையாட்டுப் போட்டிகள் நடைபெற்றன. ரகீமின் பயிற்சியில் ஆடிய இந்திய அணி இந்தோனேசியா, ஆப்கானிஸ்தான் ஆகிய அணிகளை வென்று, இறுதியாட்டத்தில் ஈரானை 1–0 என்ற கணக்கில் தோற்கடித்துத் தங்கம் பெற்றது. வெற்றி கோலை மேவாலால் அடித்தார்.

அடுத்த ஆண்டே பெரும் தோல்வி வந்தது. 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கின் முதல் ஆட்டத்திலேயே யூகோஸ்லாவியாவிடம் 1–10 என்ற கணக்கில் இந்தியா தோற்றது. குளிர்ந்த தட்பவெப்பத்தில், காலணி அணிந்து ஆடிய ஐரோப்பியர்களுக்கு எதிராக இந்திய வீரர்கள் பலர் வெறுங்காலுடன் ஆடினர். இத்தோல்விக்குப் பின்னர் அகில இந்தியக் கால்பந்துக் கூட்டமைப்பு வீரர்கள் காலணி அணிந்து ஆடுவதைக் கட்டாயமாக்கியது.

காலணி மட்டுமே குறை அன்று என்பதை ரகீம் உணர்ந்திருந்தார். இந்திய வீரர்கள் பந்தை நெடுநேரம் தம் காலிலேயே வைத்துத் தனியாக முன்னேற முயல்வதை வழக்கமாகக் கொண்டிருந்தனர். உடல் வலுவில் மிகுந்த எதிரணிகளிடம் இது எடுபடவில்லை. பந்தை விரைவாகக் கைமாற்றி, ஆளில்லாத இடத்தை நோக்கி ஓடும் ஆட்டத்தை வீரர்களுக்குப் பழக்குவதே அடுத்த நான்கு ஆண்டுகளில் ரகீமின் முதன்மைப் பணியாக அமைந்தது.

மெல்பேர்ண் 1956

1956 ஒலிம்பிக்கில் சமர் பானர்ஜி தலைமையில் இந்திய அணி பங்கேற்றது. முதல் சுற்றில் எதிர்கொள்ள வேண்டிய ஹங்கேரி விலகியதால் இந்தியா நேரடியாக அடுத்த சுற்றுக்குச் சென்றது. டிசம்பர் 1 அன்று போட்டியை நடத்திய ஆஸ்திரேலியாவை 4–2 என்ற கணக்கில் வென்றது. நெவில் டிசூசா மூன்று கோல்கள் அடித்தார். ஒலிம்பிக் கால்பந்தில் ஒரே ஆட்டத்தில் மூன்று கோல்கள் அடித்த முதல் ஆசியர் இவரே.

அரையிறுதியில் மீண்டும் யூகோஸ்லாவியாவே எதிரணி. இடைவேளை வரை இரு அணிகளும் கோல் அடிக்கவில்லை. இரண்டாம் பாதியில் டிசூசாவின் கோலால் இந்தியா முதலில் முன்னிலை பெற்றது. பின்னர் யூகோஸ்லாவியா 4–1 என்ற கணக்கில் வென்றது. வெண்கலப் பதக்கத்திற்கான ஆட்டத்தில் பல்கேரியாவிடம் 0–3 என்று தோற்று, இந்தியா நான்காம் இடம் பெற்றது. பதக்கம் கிட்டாவிடினும், ஹெல்சிங்கியில் பத்து கோல்கள் வாங்கிய அதே எதிரணியிடம் நான்கு ஆண்டுகளில் ஏற்பட்ட இம்முன்னேற்றம் ரகீமின் பணிக்குச் சான்றாகக் கருதப்படுகிறது.

ரோம் 1960

1960 ரோம் ஒலிம்பிக்கில் இந்தியா கடினமான பிரிவில் இடம்பெற்றது. ஹங்கேரியிடம் 1–2 என்றும் பெருவிடம் 1–3 என்றும் தோற்றது. பிரான்சுடன் 1–1 எனச் சமநிலை பெற்றது. முதல் சுற்றுடன் வெளியேறினாலும், அவ்வொலிம்பிக்கில் வெண்கலம் வென்ற ஹங்கேரிக்கு எதிராக ஒரே கோல் வேறுபாட்டில் மட்டுமே தோற்றமை குறிப்பிடத்தக்கது. இதற்குப் பின்னர் இந்தியா ஒலிம்பிக் கால்பந்தில் ஆடியதில்லை.

பயிற்சி முறைகள்

ரகீமின் பயிற்சி முறைகளுள் சில அக்கால இந்தியாவுக்குப் புதியவை. அவற்றுள் முக்கியமானவை:

* பந்தைக் காலில் வைத்து வெட்டியாடத் தடை விதித்த போட்டிகள். பந்து வந்தவுடன் பிறருக்குக் கொடுத்தாக வேண்டும் என்பதால், பந்து வருமுன்னரே சுற்றிலும் பார்க்கும் பழக்கம் வீரர்களுக்கு ஏற்பட்டது.
* வலுக்குறைந்த காலால் மட்டுமே உதைக்க வேண்டிய போட்டிகள். வலக்காலர் இடக்காலாலும், இடக்காலர் வலக்காலாலும் ஆட வேண்டும்.
* ஓர் அணிக்கு எழுவர் என்ற அளவில் நடத்தப்பட்ட சிற்றணிப் போட்டிகள். ஆட்கள் குறைவதால் ஒவ்வொருவரும் மிகுதியான முறை பந்தைத் தொடுவர்.
* குறிப்பிட்ட உயரத்திற்கு உட்பட்ட சிறுவர்களுக்கான போட்டிகள். உடல் பருமன் அன்றித் திறமையே வெளிப்பட இது வழிசெய்தது.

இம்முறைகளுக்குப் பெருஞ்செலவு தேவையில்லை. ஒரு திடலும் ஒரு பந்தும் விதிகளில் சிறு மாற்றமுமே போதும். வசதி குறைந்த பள்ளிகளில் பணியாற்றிய ஆசிரியர் ஒருவருக்கு இது இயல்பாகவே தோன்றியிருக்கலாம்.

ஆட்ட அமைப்பிலும் ரகீம் மாற்றங்கள் செய்தார். நான்கு தடுப்பாட்டக்காரர், இரண்டு நடுக்களத்தவர், நான்கு முன்கள வீரர் என்ற 4–2–4 அமைப்பை இந்திய அணிக்குக் கொண்டுவந்தார். பிரேசில் அணி 1958 உலகக்கிண்ணத்தை வென்றபோது இவ்வமைப்பு உலகெங்கும் அறியப்பட்டது. பி. கே. பானர்ஜி, சுனி கோஸ்வாமி, துளசிதாஸ் பலராம் ஆகிய மூவரும் இவ்வமைப்பின் முன்களத்தில் புகழ்பெற்றனர்.

தமிழர் தொடர்பு

ரகீம் உருவாக்கிய அணிகளில் தமிழர் பலர் இடம்பெற்றனர். செகந்திராபாத்தில் தமிழ்ப் பெற்றோருக்குப் பிறந்த துளசிதாஸ் பலராம் அவர்களுள் ஒருவர். வறிய குடும்பத்தைச் சேர்ந்த பலராம் பயிற்சிக்கு வந்துசெல்ல, வாடகை மிதிவண்டிக்கான பணத்தை ரகீம் கொடுத்துதவியதாகக் கூறப்படுகிறது. பலராம் ரோம் ஒலிம்பிக்கில் ஹங்கேரிக்கும் பெருவுக்கும் எதிராகக் கோல் அடித்தார். ஐதராபாத்தில் பிறந்து மதராசுப் படைப்பிரிவுக்காக ஆடிய பீட்டர் தங்கராஜ் இந்தியாவின் சிறந்த கோல்காப்பாளர்களுள் ஒருவராக விளங்கினார். ரோம் சென்ற அணியில் இடம்பெற்ற தமிழ்நாட்டின் சைமன் சுந்தர்ராஜ் பின்னாளில் பயிற்றுனராகி, 1973 இல் கேரள அணி முதன்முறையாகச் சந்தோஷ் கோப்பையை வெல்ல வழிகாட்டினார்.

ஜகார்த்தா 1962

1962 ஆசிய விளையாட்டுப் போட்டிகளுக்குச் சென்றபோது ரகீம் நுரையீரல் புற்றுநோயால் பாதிக்கப்பட்டிருந்தார். முதல் ஆட்டத்தில் இந்தியா தென்கொரியாவிடம் 0–2 என்று தோற்றது. அடுத்து தாய்லாந்தை 4–1 என்றும் ஜப்பானை 2–0 என்றும் வென்றது. தாய்லாந்துக்கு எதிரான ஆட்டத்தில் தடுப்பாட்டக்காரர் ஜர்னைல் சிங் தலையில் காயமுற்றுத் தையல் போடப்பட்டது. ரகீம் அவரை ஒதுக்கிவிடாமல், அரையிறுதியில் நடு முன்கள வீரராக இறக்கினார். தென்வியட்நாமுக்கு எதிரான அவ்வாட்டத்தில் ஜர்னைல் ஒரு கோலும் கோஸ்வாமி இரு கோல்களும் அடிக்க, இந்தியா 3–2 என்று வென்றது.

களத்திற்கு வெளியே நிலைமை மோசமாக இருந்தது. இசுரேல், தாய்வான் ஆகிய நாடுகளை இந்தோனேசியா அனுமதிக்காததை ஆசிய விளையாட்டுக் கூட்டமைப்பில் இருந்த இந்தியரான ஜி. டி. சோந்தி கண்டித்திருந்தார். இதனால் சினமுற்ற கூட்டத்தினர் ஜகார்த்தாவில் இந்தியத் தூதரகத்தைத் தாக்கினர். இறுதியாட்டம் செப்டம்பர் 4 அன்று ஏறத்தாழ ஒரு லட்சம் பார்வையாளர் முன்னிலையில் நடைபெற்றது. அரங்கு முழுவதும் இந்தியாவுக்கு எதிராகக் குரலெழுப்பியது. பாகிஸ்தான் வளைகோல் பந்தாட்ட வீரர்கள் இந்தியாவுக்கு ஆதரவாகக் குரல் கொடுத்ததை இந்திய வீரர்கள் பின்னாளில் நன்றியுடன் நினைவுகூர்ந்துள்ளனர்.

ரகீம் இறுதியாட்டத்திலும் துணிச்சலான முடிவுகளை எடுத்தார். ஜர்னைலை முன்களத்திலேயே நிறுத்தினார். உடல்நலமின்றி இருந்த தங்கராஜை மீண்டும் கோல்காப்பாளராக்கினார். இரு முடிவுகளும் பலனளித்தன. 17 ஆவது நிமிடத்தில் பானர்ஜியும் 20 ஆவது நிமிடத்தில் ஜர்னைலும் கோல் அடித்தனர். தென்கொரியா கடைசி நிமிடங்களில் ஒரு கோல் அடித்தும், இந்தியா 2–1 என்ற கணக்கில் தங்கம் வென்றது. பத்து நாட்களுக்குள் அதே எதிரணியிடம் பெற்ற தோல்விக்கு இது ஈடாக அமைந்தது.

இறப்பும் அதன்பின்னும்

ஜகார்த்தாவிலிருந்து திரும்பிய பின்னர் ரகீமின் உடல்நிலை மேலும் மோசமடைந்தது. ஜூன் 11, 1963 அன்று ஐதராபாத்தில் தமது 53 ஆம் அகவையில் காலமானார்.

அவர் உருவாக்கிய வீரர்களைக் கொண்டே இந்தியா 1964 ஆசியக் கிண்ணத்தில் இரண்டாம் இடம் பெற்றது. ஆனால் அத்தலைமுறை ஓய்வு பெற்றபின் சரிவு தொடங்கியது. 1970 இல் பெற்ற வெண்கலமே ஆசிய விளையாட்டுக் கால்பந்தில் இந்திய ஆடவர் அணியின் கடைசிப் பதக்கம். பி. கே. பானர்ஜி பின்னாளில் தாமே புகழ்பெற்ற பயிற்றுனரானார். எனினும் சிறுவர்களைத் தேடிப் பிடித்துப் படிப்படியாக வளர்க்கும் ரகீமின் ஐதராபாத் ஏற்பாடு நாடு தழுவிய அமைப்பாக மாறவில்லை. ஒரு தனிமனிதரின் உழைப்பைச் சார்ந்திருந்த அது, அவருடனேயே தேய்ந்தது.

பயிற்றுனர்களுக்கான துரோணாச்சாரியார் விருது 1985 இல்தான் நிறுவப்பட்டது. ரகீமின் மகன் சையது அப்துல் ஹக்கீம் (இறப்பு 2021) ரோம் ஒலிம்பிக் அணியில் இடம்பெற்றவர். ரகீமின் வாழ்க்கையைத் தழுவி மைதான் என்ற இந்தித் திரைப்படம் 2024 இல் வெளியானது. அஜய் தேவ்கன் ரகீமாக நடித்த இப்படத்தின் மூலம் பலர் முதன்முறையாக இவரைப் பற்றி அறிந்தனர்.

பயிற்றுனராகப் பெற்ற முக்கிய வெற்றிகள்

இந்தியா
* ஆசிய விளையாட்டுப் போட்டிகள்: தங்கம் – 1951, 1962
* ஒலிம்பிக் போட்டிகள்: நான்காம் இடம் – 1956

ஐதராபாத் நகரக் காவல்துறை / ஆந்திரக் காவல்துறை
* ரோவர்ஸ் கோப்பை: 1950 முதல் 1954 வரை தொடர்ந்து ஐந்து முறை
* டூராண்டு கோப்பை: 1950, 1954, 1957, 1961