30 சென்ட் நிலமும் பேட்ரிக் கெடிஸும்

எங்கள் குடியிருப்போர் சங்கத்தின் கூட்டம் வருகிற ஞாயிற்றுக்கிழமை நடைபெறவிருக்கிறது. போடிநாயக்கனூரின் விளிம்பில் உள்ள எங்கள் மனைப்பிரிவில் பூங்காவுக்கென ஒதுக்கப்பட்ட 30 சென்ட் இடத்தில் சமுதாயக்கூடம் கட்டித் தருமாறு கோரலாமா என்பதே கூட்டத்தின் பொருள். பொருளாதாரம் படித்தவன் என்பதால் விண்ணப்பம் எழுதும் பணி என்னிடம் ஒப்படைக்கப்பட்டுள்ளது.

அந்த இடம் ஒருகாலத்தில் என் தந்தையின் இலவந்தோப்பு. நான்கு ஏக்கர். பங்குனி, சித்திரையில் காய் வெடித்துப் பஞ்சு பறக்கும். அவர் மறைந்தபின் சகோதரர்கள் நாங்கள் அதை விற்றோம். பத்திரத்தில் முதல் கையெழுத்து என்னுடையது.

விண்ணப்பம் எழுத அமர்ந்தபோது பேட்ரிக் கெடிஸ் நினைவுக்கு வந்தார். முப்பதாண்டுகள் வகுப்பறையில் நிலவாடகைக் கோட்பாட்டை நடத்தியவன் நான்; அவர் பெயரை ஒருமுறையேனும் உச்சரித்ததாக நினைவில்லை. பாடத்திட்டத்தில் அவருக்கு இடமில்லை. ஓய்வுபெற்ற பின்னரே அவரைப் படித்தேன்.

1854இல் ஸ்காட்லாந்தில் பிறந்த கெடிஸ், பட்டம் ஏதும் பெறாமலேயே பேராசிரியரானவர். லண்டனில் தாமஸ் ஹக்ஸ்லியிடம் உயிரியல் பயின்றார். 1879இல் ஆய்வுக்காக மெக்சிகோ சென்றபோது பார்வை மங்கிப் பல வாரங்கள் இருட்டறையில் கிடக்க நேர்ந்தது. பார்வை மீண்டது, ஆனால் நுண்ணோக்கியில் நெடுநேரம் உற்றுநோக்கும் ஆற்றல் மீளவில்லை. சிறியதைப் பார்க்க முடியாமற்போன கண்கள் பெரியதைப் பார்க்கத் தொடங்கின. செடியையும் அது வளரும் மண்ணையும் சேர்த்துப் படித்தவர், மனிதனையும் அவன் வாழும் ஊரையும் அவ்வாறே படிக்கலானார்.

பொருளியல் நூலோர் விலையை மட்டுமே எண்ணுகிறார்கள், பொருளையும் ஆற்றலையும் எண்ணுவதில்லை என்பது அவருடைய இளமைக்காலக் குற்றச்சாட்டு. 1880களிலேயே அவர் இதை எழுதினார். எங்கள் மனைப்பிரிவையே எடுத்துக்கொள்வோம். பூங்காவுக்கு விற்பனை விலை இல்லை. எனவே கணக்கேட்டில் அதன் மதிப்பு சுழியம். ஆனால், பூங்காவை ஒட்டிய மனைகளுக்குச் சற்றுக் கூடுதல் விலை வைத்துத்தான் விளம்பரம் செய்தார்கள். மதிப்பே இல்லாத ஒன்று பக்கத்து மனையின் மதிப்பை எப்படி உயர்த்துகிறது? இந்தக் கேள்வியை என் மாணவர் எவரும் கேட்கவில்லை; நானும் கேட்டுக்கொள்ளவில்லை.

1886இல் கெடிஸுக்குத் திருமணமாயிற்று. லிவர்பூல் வணிகர் ஒருவரின் மகளான அன்னா மார்ட்டனை மணந்தவர், சிறிது காலத்தில் எடின்பரோவின் பழைய நகரப் பகுதியில், நெரிசலும் அழுக்கும் மிகுந்த ஒரு முற்றத்தில் குடியேறினார். வெளியிலிருந்து அறிவுரை கூறாமல் உள்ளே வாழ்ந்து பார்ப்பது அவர் வழக்கம். அக்கம்பக்கத்தாரோடு சேர்ந்து சுவர்களுக்கு வெள்ளையடித்தார். சன்னல்களில் பூந்தொட்டிகள் வைத்தார். பின்னர், அந்தப் பழைய நகரில் சந்துகளுக்குள் மறைந்து கிடந்த வெற்றிடங்களை அவரும் அவரைச் சேர்ந்தோரும் தேடிக் கணக்கெடுத்தனர். எழுபதுக்கும் மேற்பட்ட துண்டுகள். எல்லாம் சேர்ந்து பத்து ஏக்கர். அவற்றுள் சிலவற்றை அவர் மகள் நோரா குழந்தைகளுக்கான தோட்டங்களாக்கினார். பத்து ஏக்கரை எழுபதால் வகுத்துப் பாருங்கள். துண்டொன்றுக்குப் பதினைந்து சென்ட்கூட வராது. எங்களிடம் இருப்பது 30 சென்ட்.

அவர் தமிழ்நாட்டுக்கு வந்த கதை சுவையானது. சென்னை மாகாண ஆளுநராக இருந்த பெண்ட்லாண்ட் பிரபுவின் அழைப்பை ஏற்று 1914இல் புறப்பட்டார். உலக நகரங்களைப் பற்றி அவர் ஆண்டுக்கணக்கில் சேகரித்த வரைபடங்களும் படங்களும் கொண்ட கண்காட்சி, தனியாக 'கிளான் கிராண்ட்' என்னும் கப்பலில் வந்தது. அதை அக்டோபரில் எம்டன் மூழ்கடித்தது. ஆம், சென்னைத் துறைமுகத்தின்மேல் குண்டு வீசி, கெட்டிக்காரப் பேர்வழிகளைக் குறிக்கும் சொல்லாகத் தமிழில் தங்கிவிட்ட அதே எம்டன்தான். வாழ்நாள் உழைப்பு கடலுக்கடியில் போனது. நண்பர்கள் உதவியால் புதிய கண்காட்சி ஒன்று திரட்டப்பட்டு 1915 தொடக்கத்தில் சென்னையில் வைக்கப்பட்டது.

அதன்பின் மதுரை, தஞ்சாவூர், திருச்சிராப்பள்ளி, காஞ்சிபுரம் முதலிய ஊர்களைத் தெருத்தெருவாக நடந்தே ஆராய்ந்தார். அக்காலப் பொறியாளர்களுக்கு நெரிசலுக்கு ஒரே மருந்துதான் தெரியும்: வீடுகளை இடித்து நேர்க்கோட்டில் அகலச் சாலை போடுவது. தஞ்சைக் கோட்டைக்குள் அத்தகைய திட்டம் ஒன்று இருந்தது. கெடிஸ் அதே இடத்தை வீடுவீடாகப் பார்த்து, இடிந்து பாழானவற்றை மட்டும் அகற்றி, அவ்விடங்களைச் சிறு திறந்தவெளிகளாக்கி, மரம் வைத்து, வளைந்த தெருவை வளைந்தபடியே விட்டால் போதும் என்று காட்டினார். செலவும் நகராட்சித் திட்டத்தில் ஒரு சிறு பங்குதான். உறுப்பை வெட்டாமல் நோயை மட்டும் அகற்றும் அறுவை சிகிச்சை என அதை விளக்கினார்.

மலைக்கு வேலைக்குப் போகும் எவருக்கும் இதை நான் விளக்க வேண்டியதில்லை. ஏலச்செடி வெட்டவெளியில் வாழாது. உயர்ந்த மரங்களின் நிழலில்தான் வாழும். நிழல் மிகுந்தாலும் காய் குறையும். ஆகவே மரத்தை வீழ்த்தாமல், ஒளி புகும் அளவுக்குக் கிளைகளை மட்டும் கழிப்பார்கள். காட்டைக் காத்தால்தான் காசு என்னும் விந்தையான பயிர் அது. மலைமேல் இந்தக் கணக்கை நன்கறிந்த நாம், அடிவாரத்தில் ஊர் வளர்க்கும்போது மட்டும் தோப்பை வேரோடு பெயர்க்கிறோம்.

குளங்கள் குறித்தும் அவர் கருத்து அக்கால அதிகாரிகளுக்கு உவப்பாக இருக்கவில்லை. கொசு பெருகும் என்று குளத்தைத் தூர்க்கச் சொன்னது அன்றைய சுகாதாரத் துறை. தூர்த்தால் ஊர் மேலும் வெம்மையாகும். நீரைத் தூய்மைப்படுத்தி, கொசுப்புழுவைத் தின்னும் மீனை வளர்த்து, கரையைப் பூங்காவாக்குங்கள் என்றார் கெடிஸ்.

அவருடைய சிந்தனைகளுள் நமக்கு மிக நெருக்கமானது பள்ளத்தாக்கு வரைபடம். மலையுச்சியிலிருந்து கடல்வரை நிலத்தை நெடுக்காக அறுத்துப் பார்ப்பது. உச்சியில் சுரங்கத் தொழிலாளி, கீழே மரம் வெட்டுபவன், வேடன், இடையன், உழவன், கரையில் மீனவன் என நிலத்துக்கேற்ற தொழிலை அடுக்குவது. எந்த ஊரையும் அதன் பள்ளத்தாக்கிலிருந்து பிரித்துத் திட்டமிடக் கூடாது என்பது அதன் உட்பொருள். குறிஞ்சி முதல் நெய்தல்வரை நிலம் பகுத்த மொழிக்கு இது புதிதன்று. போடிமெட்டில் ஏலமும் மிளகும், சரிவில் இலவமும் மாவும், கீழே தென்னையும் நெல்லும் கண்மாயும். குரங்கணிப் பக்கமிருந்து இறங்கும் கொட்டக்குடி ஆறு தேனியை நோக்கி ஓடி வைகை நீராகி, இராமநாதபுரத்தை நோக்கிச் செல்கிறது. அவர் மதுரையில் இருந்தபோது போடிக்கு ரயில் கிடையாது, 1928இல்தான் வந்தது. அகலப்பாதையாக்குவதற்காக 2010 இறுதியில் நின்ற ரயில், 2023இல் திரும்பியது. அதன்பின் மனை விலை எந்தத் திசையில் போயிற்று என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. ஏலக்காயை ஏலம் விடும் ஊரில் தோப்புகளும் ஏலத்துக்கு வந்துவிட்டன.

1917 கெடிஸுக்குக் கொடிய ஆண்டு. ஏப்ரலில் மூத்த மகன் அலாஸ்டர் பிரான்சுப் போர்முனையில் இறந்தான். கல்கத்தாவில் நோயுற்றுக் கிடந்த மனைவியிடம் கெடிஸ் அதை மறைத்தார். மகன் முன்னர் எழுதிய கடிதங்களைப் படித்துக்காட்டி வந்தார். மகன் உயிரோடிருப்பதாக நம்பியபடியே அன்னா சில வாரங்களில் மறைந்தார். கெடிஸ் தம் நகரப் பணியை விடவில்லை.

இந்தூரில் அவர் வரைபடத்தோடு தெருவில் நடந்தால், வீட்டை இடிக்க வந்தவர் என மக்கள் அஞ்சினர். மன்னரிடம் ஒருநாள் ஆட்சியைக் கேட்டுப் பெற்று, தீபாவளி ஊர்வலத்தை மிகத் தூய்மையான தெருக்கள் வழியே நடத்துவதாக அறிவித்தார். ஊரே பெருக்கிற்று. கொள்ளைநோயின் அடையாளமாக ஒரு மாபெரும் எலியின் உருவம் ஊர்வலத்தில் சென்றது. துப்புரவுப் பணியாளர்கள் மாலையணிந்து நடந்தார்கள். பின்னர் பம்பாய்ப் பல்கலைக்கழகத்தில் 1919இல் சமூகவியல் துறையின் முதல் பேராசிரியரானார். 1932இல் பிரான்சின் மான்பெல்லியேயில் காலமானார்.

அவருடைய அறிக்கைகளில் பெரும்பகுதி நிறைவேறவில்லை. நிதி இல்லை என்றார்கள். அவர் கேட்டதோ குறைந்த நிதிதான். குறைந்த செலவில் முடியும் வேலையில் ஒப்பந்தக்காரருக்கும் அதிகாரிக்கும் ஆர்வம் குறைவு என்பது பொருளாதாரப் பேராசிரியனின் ஐயம்.

இன்று சட்டம் இருக்கிறது. 10,000 சதுர மீட்டருக்கு மேற்பட்ட மனைப்பிரிவில் சாலை நீங்கலான பரப்பில் 10 விழுக்காட்டைத் திறந்தவெளியாக ஒதுக்கி, உள்ளாட்சிக்குத் தானப் பத்திரம் எழுதித்தர வேண்டும். பெங்களூருவில் பூங்கா இடத்தைத் தனியார் மருத்துவமனைக்கு மாற்றியதை உச்ச நீதிமன்றம் 1991இலேயே செல்லாதென்றது. எங்கள் 30 சென்டும் முறைப்படி எழுதப்பட்டதுதான். அதன்பின் எல்லோரும் மறந்தோம். கட்டடக் கழிவும் சீமைக்கருவேலும் அங்கே குடியேறின.

சமுதாயக்கூடம் கேட்பவர்களைக் குறை சொல்ல மாட்டேன். அவர்களுள் பலர் அதிகாலையில் ஜீப்பில் ஏறி ஏலத்தோட்டங்களுக்குப் போகிறவர்கள். மகளின் நிச்சயதார்த்தத்துக்கு மண்டப வாடகை கொடுத்தே கடனாளியானவரை எனக்குத் தெரியும். அவர்களுக்குப் பூங்கா என்பது எங்களைப் போன்ற ஓய்வூதியர்களின் நடைப்பயிற்சிக்கான இடம். கெடிஸாக இருந்தால் கூடம் வேண்டாமென்று சொல்லியிருக்க மாட்டார். ஊருக்குள் வேறெங்கு கட்டடம் பூட்டிக் கிடக்கிறது என்று நடந்து பார்த்திருப்பார். இரண்டு தெரு தள்ளி அப்படியொன்று இருக்கிறது. அதன் சாவி யாரிடம் என்று விசாரித்து வருகிறேன்.

கழிவுக் குவியலுக்கு அப்பால், கிழக்கு மூலையில், தந்தை வைத்த இலவமரம் ஒன்று இன்னும் நிற்கிறது. சனிக்கிழமை காலை ஆறு முதல் மாலை ஆறு வரை ஒரு நோட்டுப் புத்தகத்தோடு அதன் அடியில் அமர்ந்து, அந்த இடத்துக்கு யார், எதற்காக வருகிறார்கள் என்று குறித்துக்கொள்ளப் போகிறேன். விண்ணப்பத்தை அன்றிரவு எழுதுவேன்.