மட்டை பிடிக்கக் கற்றுக்கொடுத்த ராம்சிங்

கிரிக்கெட் நம் பெண்களுக்கு உரியதன்று என்று எண்ணிய காலம் ஒன்று இருந்தது. இன்று கள்ளக்குறிச்சித் தெருக்களிலும் கல்வராயன் மலையடிவாரத்து ஊர்களிலும் தென்னை மட்டையைச் செதுக்கி ஆடும் சிறுவர்களோடு சிறுமியரும் சேர்ந்துவிட்டனர். ஓடிப்போய்ப் பந்து பொறுக்கித் தருவதோடு நில்லாமல், மட்டை பிடிக்கத் தங்கள் முறையையும் கேட்டு வாங்குகின்றனர். மகளிர் உலகக் கோப்பைப் போட்டியில் சதம் அடித்த முதல் இந்தியர், சென்னையைச் சேர்ந்த திருஷ் காமினி, ஆண்டு 2013. ஆடியவர் பெயர் நம் நாவில் நிற்கும் அளவுக்கு, ஆடக் கற்றுக்கொடுத்தவர் பெயர் நிற்பதில்லை. நான் இங்கே எழுத எடுத்துக்கொண்டது அப்படிக் கற்றுக்கொடுத்த ஒருவரின் கதை.

முதலில் சற்றே கடல் கடந்து போய் வருவோம். அமெரிக்காவில் பேஸ்பால் என்றோர் ஆட்டம் உண்டு. நம் கிரிக்கெட்டுக்கு ஒன்றுவிட்ட தம்பி என்று சொல்லலாம். மட்டைக்குப் பதில் உருண்டையான தடி. பந்து தரையில் குத்தி எழாமல் நேரே பறந்து வரும். அங்கே ஒவ்வொரு பெரிய அணியிலும் பந்தை அடிக்க மட்டும் சொல்லித்தருவதற்கென்றே ஒருவரைச் சம்பளம் கொடுத்து அமர்த்துவார்கள். அவர்களுள் பெயர் பெற்றவர் சார்லி லௌ. 1933-இல் பிறந்து 1984-இல் மறைந்தவர். தாம் ஆடிய நாளில் அவர் பெரிய ஆட்டக்காரர் அல்லர். சராசரியாக நான்கு முறை தடி பிடித்தால் ஒரு முறை சரியாக அடிப்பார், அவ்வளவே. ஆனால் தலையை அசைக்காமல் வைத்திரு, உடலின் பாரத்தைப் பின்காலிலிருந்து முன்காலுக்குக் கொண்டு வா, அடித்து முடித்ததும் மேல் கையைத் தடியிலிருந்து விட்டுவிடு என்று அவர் சொல்லித்தந்த பாடங்களைக் கேட்டவர்கள் உச்சிக்குப் போனார்கள். கன்சாஸ் சிட்டி அணியில் அவரிடம் பயின்ற ஜார்ஜ் பிரெட் 1980-இல் பத்துக்கு நான்கு என்ற அளவை ஏறத்தாழ எட்டிப் பிடித்தார். பேஸ்பாலில் அது எளிதில் கிட்டாத அளவு.

சார்லி லௌ தம்மால் இயலாததைப் பிறருக்குக் கற்றுக்கொடுத்தார். நம் சென்னையில் இருந்தவரோ தம்மால் இயன்றும், தமக்குக் கிட்டாத ஒன்றைப் பிள்ளைகளுக்குக் கிட்டச் செய்தார். அவர்தாம் ஏ. ஜி. ராம்சிங்.

பெயரைக் கேட்டவுடனே இவர் வடநாட்டவர் ஆயிற்றே, நமக்கு என்ன உறவு என்று தோன்றும். முன்னெழுத்துகளைப் பாருங்கள். 'ஏ' என்பது அமிர்தசரஸ். 'ஜி' என்பது கோவிந்த்சிங். ஊர்ப்பெயரை முன்னெழுத்தாக்கிப் பெயருக்கு முன்னால் வைத்துக்கொள்வது நம் பக்கத்து வழக்கமன்றோ! பஞ்சாபிலிருந்து வந்த குடும்பம் சென்னைக் குடும்பமாகவே ஆகிவிட்டது என்பதற்கு இதைவிட வேறென்ன சான்று வேண்டும்? 1910-இல் பிறந்த ராம்சிங், தலைப்பாகையோடு சேப்பாக்கம் மைதானத்தில் இறங்கி, சென்னை அணியின் தூணாக விளங்கினார்.

அவர் இடக்கையால் மட்டை பிடித்தார். இடக்கையாலேயே மெதுவான சுழற்பந்தும் வீசினார். மட்டை, பந்து என்ற இரண்டிலும் வல்லவர் என்பதால் எந்த அணிக்கும் அவர் ஒருவர் இருவருக்குச் சமம்.

1934-ஆம் ஆண்டு நவம்பர் 4. அதற்கு முந்திய ஆண்டு மறைந்த ரஞ்சித்சிங்ஜியின் பெயரால் இந்தியா முழுமைக்கும் ஒரு கோப்பைப் போட்டி தொடங்கியது. இன்றும் ஆண்டுதோறும் நடக்கும் ரஞ்சிக் கோப்பைதான் அது. அதன் முதல் ஆட்டம் எங்கே நடந்தது தெரியுமா? நம் சேப்பாக்கத்தில்தான். சென்னையும் மைசூரும் மோதின. முதல் பந்தை வீசியவர் சென்னையின் எம். ஜே. கோபாலன். மைசூர் அணியினர் 48 ஓட்டங்களில் சுருண்டனர். ராம்சிங் 19 ஓட்டங்கள் கொடுத்து 6 பேரை வீழ்த்தினார். சென்னை 130 ஓட்டங்கள் எடுத்தது. இரண்டாம் முறை ஆட வந்த மைசூர் 59-இல் முடிந்தது. இம்முறை ராம்சிங்குக்கு 16 ஓட்டங்களில் 5 விக்கெட்டுகள். ஆக, 35 ஓட்டங்களுக்கு 11 விக்கெட்டுகள்! பல நாள் நடக்க வேண்டிய ஆட்டம் ஒரே நாளில், பொழுது சாய்வதற்குள் முடிந்துவிட்டது. இன்னிங்ஸும் 23 ஓட்டங்களும் வித்தியாசத்தில் சென்னைக்கு வெற்றி. அடுத்த நாள் பார்க்கலாம் என்று இருந்தவர்கள் ஏமாந்துபோயிருப்பார்கள்.

இது ஒரு நாள் அதிர்ஷ்டமன்று. ரஞ்சிக் கோப்பைப் போட்டிகளில் 1000 ஓட்டங்களும் 100 விக்கெட்டுகளும் என்ற இரட்டைச் சாதனையை முதன்முதலில் எட்டியவர் ராம்சிங்தான். அந்நாளில் பொங்கல் விடுமுறையில் சேப்பாக்கத்தில் இந்தியருக்கும் ஐரோப்பியருக்கும் இடையே ஆண்டுதோறும் ஓர் ஆட்டம் நடக்கும். வெள்ளையர் ஆட்சிக் காலத்தில் அந்த ஆட்டத்தைப் பார்க்கக் கூடிய கூட்டத்துக்கு அது வெறும் விளையாட்டு மட்டுமாக இருந்திருக்குமா? அதிலும் ராம்சிங் பெயர் பெற்றார்.

இத்தகையவர் இந்தியாவுக்காக எத்தனை டெஸ்ட் போட்டிகளில் ஆடியிருப்பார்? ஒன்றில்கூட இல்லை.

1936-இல் இந்திய அணி இங்கிலாந்துக்குக் கப்பலேறியது. விஜயநகரம் மகாராஜகுமார் தலைவர். ஆட்டத்திறனைவிடச் செல்வாக்குக்காகவே அவர் தலைவரானார் என்று இன்றளவும் எழுதுகிறார்கள். சென்னையிலிருந்து கோபாலனும் நாற்பது வயதான சி. ராமசுவாமியும் சேர்க்கப்பட்டனர். ராம்சிங்குக்கு அப்போது இருபத்தாறு வயது. ஆற்றல் முழுமை பெற்றிருந்த நேரம். அவர் பெயர் பட்டியலில் இல்லை.

அந்தப் பயணத்தில் போனவர்கள் எல்லாரும் பேறு பெற்றவர்கள் என்றும் சொல்வதற்கில்லை. ராமசுவாமி இரண்டு டெஸ்டுகளில் ஆடினார். கோபாலன் ஹாக்கியிலும் வல்லவர். அதே ஆண்டு பெர்லின் ஒலிம்பிக்குக்குப் போகும் வாய்ப்பைக் கைவிட்டுக் கிரிக்கெட் அணியோடு போனார். இங்கிலாந்தில் அவருக்கு ஒரு டெஸ்டும் கொடுக்கப்படவில்லை. பெர்லின் போன ஹாக்கி அணியோ தயான் சந்த் தலைமையில் தங்கப் பதக்கத்தோடு திரும்பியது. போனவர் நிலை அப்படி. போகாதவர் நிலை இப்படி.

இன்னொன்றையும் கருத வேண்டும். இரண்டாம் உலகப் போருக்கு முன் இந்தியா ஆடிய டெஸ்டுகள் மொத்தமே 7. 1936-க்குப் பின் பத்து ஆண்டுகள் ஒரு டெஸ்டும் இல்லை. 1946-இல் மறுபடி தொடங்கியபோது ராம்சிங்குக்கு வயது முப்பத்தாறு. அவரைப் போலவே இடக்கைச் சுழற்பந்து வீசும், அவரைப் போலவே மட்டையும் பிடிக்கும் வினு மன்காட் என்ற இளைஞர் வந்துவிட்டார். மன்காட் மாபெரும் ஆட்டக்காரர், அதில் ஐயமில்லை. ஆனால் ராம்சிங்கின் நல்ல ஆண்டுகளைப் போர் விழுங்கிவிட்டது. அதற்கு முன் கிடைத்த சில ஆண்டுகளில் கூப்பிட வேண்டியவர்கள் கூப்பிடவில்லை. மூவாயிரத்துக்கும் மேற்பட்ட ஓட்டங்களும் 250-க்கும் மேற்பட்ட விக்கெட்டுகளும் முதல்தரப் போட்டிகளில் குவித்தவர், டெஸ்ட் என்ற படியை மிதிக்காமலே ஆட்டத்திலிருந்து விலகினார்.

மனக்குறையோடு வீட்டில் உட்கார்ந்திருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். ராம்சிங் பயிற்சியாளரானார்.

கிரிக்கெட்டில் மட்டை பிடிக்கக் கற்றுக்கொடுப்பது பார்வைக்கு எளிய வேலை போலத் தோன்றும். வலையைக் கட்டிப் பந்தைப் போட்டால் ஆயிற்று என்று நினைப்போம். நாள் முழுதும் வெயிலில் நின்று, ஒரே பாடத்தை நூறு முறை சொல்ல வேண்டும். பந்து எங்கே குத்துகிறதோ அங்கே கால் போக வேண்டும். காலோடு தலையும் போக வேண்டும். மட்டை நேராக இறங்க வேண்டும். இவற்றுள் ஒன்று தவறினாலும் பந்து மட்டையின் விளிம்பைத் தொட்டுப் பிடிப்பவர் கைக்குப் போய்விடும். இதைச் சொல்வது சுலபம். சொன்னதை மாணவரின் உடம்பு தானாகவே செய்யும்வரை பொறுத்திருப்பதுதான் கடினம். கணக்கு வாய்ப்பாட்டை நம் ஆசிரியைகள் எத்தனை முறை ஒப்பிக்கச் சொல்கிறார்களோ, அத்தனை முறை!

ராம்சிங்கிடம் பயின்றவர்களில் தலைசிறந்தவர்கள் அவர் வீட்டிலேயே இருந்தார்கள். மூத்தவர் கிருபால் சிங் 1933-இல் பிறந்தார். இங்கே ஒரு வேடிக்கையைக் கவனிக்க வேண்டும். தந்தை இடக்கைக்காரர், மகன் வலக்கைக்காரர். எதிரெதிரே நின்று ஒருவரையொருவர் பார்த்தால் கண்ணாடியில் பார்ப்பது போல இருக்கும். தந்தையின் இடக்கைச் சுழற்பந்தைக் கண்ணாடியில் திருப்பிப் பார்த்தால் அதுவே மகன் வீசிய ஆஃப் பிரேக். விரல் திருப்பும் விதம் ஒன்றே, கைதான் வேறு. ஆனால் தந்தையின் பெயர் பந்துவீச்சால் ஓங்கியது. மகன் முதலில் மட்டையாளர், பிறகுதான் பந்து வீச்சாளர். தங்கள் நிறைவேறாத ஆசையைப் பிள்ளைகள் தலையில் கட்டி, அவர்களைத் தம் நகலாக்கப் பார்க்கும் பெற்றோர் உண்டு. டாக்டருக்குப் படி, என்ஜினீயருக்குப் படி என்று நம் வீடுகளிலும் கேட்பதுதானே? ராம்சிங்கின் பிள்ளைகள் அவர் ஆட்டத்தை ஆடினார்கள். ஆனால் தங்கள் கையால், தங்கள் போக்கில் ஆடினார்கள்.

1954-55 பருவத்தில் சென்னை முதன்முறையாக ரஞ்சிக் கோப்பையை வென்றது. முதல் ஆட்டத்தில் தந்தை பந்து வீசி இருபது ஆண்டுகள் ஆகியிருந்தன. பாலு அழகண்ணன் தலைமையிலான அந்த அணியில் கிருபாலுக்கு வயது இருபத்தொன்று. அரையிறுதியில் வங்காளத்தை எதிர்த்து 98-உம் 97-உம் எடுத்தார். இரண்டு முறையும் சதம் கையருகே வந்து நழுவியது. இந்தோரில் ஹோல்கர் அணியோடு நடந்த இறுதி ஆட்டத்தில் 75-உம் 91-உம் எடுத்ததோடு 7 விக்கெட்டுகளையும் வீழ்த்தினார். 46 ஓட்டங்களில் சென்னைக்கு வெற்றி. அந்த வெற்றியில் கிருபாலின் பங்கு எவ்வளவு என்பதை நீங்களே கணக்கிட்டுக்கொள்ளலாம்.

அதே 1955-இன் நவம்பர் மாதம், ஐதராபாத்தில் நியூசிலாந்தை எதிர்த்து டெஸ்ட் போட்டி. கிருபாலுக்கு அதுவே முதல் டெஸ்ட். உம்ரிகர் 223 ஓட்டங்களும் மஞ்ச்ரேக்கர் 118 ஓட்டங்களும் குவித்த அந்த ஆட்டத்தில், புதுமுகம் கிருபால் ஆட்டமிழக்காமல் 100 எடுத்தார். தந்தைக்கு இருபது ஆண்டுகள் அடைத்தே கிடந்த கதவை மகன் முதல் நாளிலேயே அகலத் திறந்துவிட்டார்.

இளையவர் மில்கா சிங். ரோம் ஒலிம்பிக் ஓட்டத்தில் நான்காவதாக வந்த மில்கா சிங் வேறு, இவர் வேறு. இருவரும் ஒரே காலத்தில் புகழ்பெற்றதால் குழப்பம் நேர்வதுண்டு. இவர் தந்தையைப் போல இடக்கை மட்டையாளர். 1960 ஜனவரியில் சென்னையில் ஆஸ்திரேலியாவை எதிர்த்து முதல் டெஸ்ட் ஆடியபோது வயது பதினெட்டு! 1961-இல் துலீப் கோப்பையின் முதல் ஆட்டம் சென்னையில் நடந்தபோது தென்மண்டலத்துக்காக 151 ஓட்டங்கள் எடுத்தார். அதே ஆண்டு நவம்பரில் பம்பாயில் இங்கிலாந்தை எதிர்த்த டெஸ்டில் அண்ணனும் தம்பியும் சேர்ந்தே இந்திய அணியில் ஆடினர். ஒரு டெஸ்டுக்குக்கூட அழைக்கப்படாதவரின் வீட்டிலிருந்து ஒரே டெஸ்டுக்கு இருவர்!

உண்மையை மறைக்காமல் சொல்வதானால், பிள்ளைகளின் டெஸ்ட் வாழ்வும் நீண்டதன்று. கிருபால் 1964 வரை 14 டெஸ்டுகள் ஆடினார்; முதல் ஆட்டத்துச் சதமே கடைசிச் சதமுமாயிற்று. மில்காவுக்கு 4 டெஸ்டுகளே. இருபது வயது நிறையும் முன்னரே அவை முடிந்துவிட்டன. நல்ல ஆசிரியர் கிடைத்தால் எல்லாம் கிடைத்துவிடும் என்று நினைப்போருக்கு இது சற்றே கசப்பாக இருக்கலாம். ஆசிரியர் வாசல்வரை கொண்டுபோய் விடலாம். உள்ளே போய் நிற்பது மாணவர் பாடு, தேர்வுக் குழுவின் மனம், காலத்தின் போக்கு. மில்கா அதன் பிறகும் பல ஆண்டுகள் ரஞ்சிப் போட்டிகளில் சென்னைக்காக ஆடினார். இன்னொரு மகன் சத்வேந்தர் சிங்கும் சென்னை அணியில் ஆடினார்.

கிருபால் பின்னாளில் இந்திய அணியைத் தேர்ந்தெடுக்கும் குழுவில் இடம் பெற்றார். தந்தையைத் தேர்ந்தெடுக்காத நாற்காலியில் மகன் அமர்ந்தார் என்பதை எண்ணிப் பார்க்கும்போது வியப்பாக இருக்கிறது. அவர் 1987-இல், ஐம்பத்து நான்கு வயது நிறையும் முன்பே இறந்தார். பெற்ற தந்தை உயிரோடு இருக்கையில் மகன் போனது எவ்வளவு பெரிய துயரம் என்பதைப் பெற்றோர் அறிவர்.

அதற்கடுத்த 1988-89 பருவத்தில் தமிழ்நாடு அணி கோவாவை எதிர்த்து ஆடியது. நம் அணி 6 விக்கெட்டுகளை மட்டும் இழந்து 912 ஓட்டங்கள் குவித்தது. டபிள்யூ. வி. ராமன் 313 எடுத்தார். அதே இன்னிங்ஸில் இன்னோர் இளைஞரும் முந்நூற்றைத் தாண்டி, 302 ஓட்டங்களோடு ஆட்டமிழக்காமல் நின்றார். அவர் பெயர் அர்ஜன் கிருபால் சிங், கிருபாலின் மகன். பாட்டனார் ராம்சிங்குக்கு அப்போது வயது எழுபத்தெட்டு. மேலும் பத்தாண்டுகள் வாழ்ந்து, 1999-ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதத்தில் அவர் காலமானார்.