எதிரியின் குடும்பத்தையும் திரையில் காட்டிய வியட்நாம் எழுத்தாளர் நுயென் குவாங் சாங்

வியட்நாமின் மெக்கோங் கழிமுகப் பகுதியிலுள்ள ஆன் ஜியாங் மாகாணத்தில் 1932-ல் பிறந்தவர் நுயென் குவாங் சாங். பிரெஞ்சு ஆட்சிக்கு எதிரான போரில் இளம் வயதிலேயே இணைந்தார். நாடு பிரிக்கப்பட்ட 1954-ல் வடக்கே சென்ற அவர், 1966-ல் தெற்கின் போர்க்களத்துக்குத் திரும்பினார்.

போருக்குப் பின் அவர் திரைக்கதை எழுத, நுயென் ஹோங் சென் இயக்கிய 'கைவிடப்பட்ட வயல்' 1979-ல் வெளியானது. வெள்ளம் சூழ்ந்த வயல்வெளியில் போராளிகளுக்கு உதவும் தம்பதியர், அமெரிக்க ஹெலிகாப்டர் நெருங்கும்போது கைக்குழந்தையைப் பிளாஸ்டிக் பையில் வைத்து நீருக்குள் மறைப்பர். கணவர் கொல்லப்பட, மனைவி ஹெலிகாப்டரைச் சுட்டு வீழ்த்துவார். இறந்த விமானியிடமும் மனைவி, குழந்தையின் புகைப்படம் இருக்கும்.

வென்ற தரப்பிலிருந்து வந்து, எதிரியின் இழப்பையும் பேசிய இப்படம் 1981-ல் மாஸ்கோ திரைப்பட விழாவில் தங்கப் பரிசு பெற்றது. நுயென் குவாங் சாங் 2014-ல் காலமானார்.