கென்னி வாஷிங்டன்

கென்னி வாஷிங்டன் (ஆகஸ்ட் 31, 1918 – ஜூன் 24, 1971) ஓர் அமெரிக்கக் காற்பந்தாட்ட வீரர் ஆவார். 1946 ஆம் ஆண்டு லாஸ் ஏஞ்சலஸ் ராம்ஸ் அணியில் சேர்ந்ததன் மூலம், தேசியக் காற்பந்தாட்டக் கூட்டமைப்பில் பன்னிரண்டு பருவங்களாக நிலவிய நிறத்தடையை முதலில் கடந்தவர் இவரே. அமெரிக்கக் காற்பந்தாட்டம் நாம் பொதுவாகக் காற்பந்து என அழைக்கும் ஆட்டத்தினின்றும் வேறானது. இதில் நீள்உருண்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடியும் எறிந்தும் எதிரணியின் எல்லையை நோக்கி முன்னேற வேண்டும். முன்னேறிய தொலைவு கெஜத்தில் கணக்கிடப்படுகிறது.

இளமையும் கல்லூரிக் காலமும்

வாஷிங்டன் லாஸ் ஏஞ்சலஸ் நகரில் பிறந்து, அங்குள்ள லிங்கன் ஹைட்ஸ் பகுதியில் வளர்ந்தார். தந்தை எட்கர் பேஸ்பால் ஆட்டக்காரராகவும் திரைப்பட நடிகராகவும் இருந்தார். வாஷிங்டனை வளர்த்தவர்கள் பாட்டியும், காவல்துறையில் பணிபுரிந்த சிற்றப்பாவும் ஆவர்.

லாஸ் ஏஞ்சலஸில் உள்ள கலிபோர்னியா பல்கலைக்கழகத்தின் அணியில் இவருடன் வூடி ஸ்ட்ரோட், ஜாக்கி ராபின்சன் ஆகியோரும் ஆடினர். 1939 இல் அவ்வணி ஓர் ஆட்டத்திலும் தோற்கவில்லை. அப்பருவத்தில் ஓட்டத்தாலும் எறிதலாலும் 1,370 கெஜம் முன்னேறி, நாட்டின் கல்லூரி ஆட்டக்காரர்களுள் வாஷிங்டன் முதலிடம் பெற்றார். ஆயினும் தொழில்முறை அணிகளுள் ஒன்றுகூட இவரைத் தேர்ந்தெடுக்கவில்லை.

நிறத்தடை

இத்தடை எழுத்தில் இருந்த விதி அன்று. 1933 இல் ஆடிய ஜோ லில்லார்ட், ரே கெம்ப் ஆகியோருக்குப் பின் எந்த அணியும் கறுப்பின வீரரைச் சேர்க்கவில்லை, அவ்வளவே. எழுதப்படாத விதியை எதிர்த்து வழக்காடுவதும் கடினம். எனவே வாஷிங்டன் மேற்குக் கரையின் சிறிய கூட்டமைப்பொன்றில் ஹாலிவுட் பேர்ஸ் அணிக்கு ஆடினார். உடல்வலு மிகுந்திருந்த ஆண்டுகள் அங்கேயே கழிந்தன. முழங்கால்களும் பழுதுற்றன.

1946 பருவம்

1945 இல் வாகையர் பட்டம் வென்ற கிளீவ்லாந்து ராம்ஸ் அணி, அடுத்த ஆண்டு லாஸ் ஏஞ்சலஸ் நகருக்கு இடம்பெயர்ந்தது. கொலிசியம் விளையாட்டரங்கைப் பயன்படுத்த அணி அனுமதி கோரியது. அது மக்கள் வரிப்பணத்தில் நடைபெறும் அரங்கம். கறுப்பினத்தவரை ஒதுக்கும் அணிக்கு அதனை வழங்கலாகாது என்று ஹாலி ஹார்டிங் முதலிய கறுப்பினப் பத்திரிகையாளர்கள் வாதிட்டனர். அரங்கம் கிடைக்க வேறு வழியின்மையால் அணி இணங்கியது. மார்ச் 21 அன்று வாஷிங்டனும், மே மாதத்தில் ஸ்ட்ரோடும் ஒப்பந்தமாயினர்.

அப்போது வாஷிங்டனுக்கு வயது 27. ஒப்பந்தத்துக்குப் பின்னும் முழங்காலில் அறுவைச் சிகிச்சை நடந்தது. ராம்ஸ் அணி அப்பருவத்தில் 6 வெற்றி, 4 தோல்வி, ஒரு சமநிலையுடன் மேற்குப் பிரிவில் சிகாகோ பேர்ஸ் அணிக்கு அடுத்த இடத்தைப் பெற்றது. வாஷிங்டன் 23 முறை மட்டுமே பந்தேந்தி ஓடி 114 கெஜம் எடுத்தார். இவ்வெண்ணை மட்டும் காண்போர் இவரைச் சாதாரண ஆட்டக்காரர் எனக் கருதக்கூடும். 1947 பருவம் அக்கருத்தை மறுக்கிறது: 60 ஓட்டங்களில் 444 கெஜம், அதாவது ஓட்டத்துக்குச் சராசரி 7.4 கெஜம். அவ்வாண்டு வாகை சூடிய சிகாகோ கார்டினல்ஸ் அணிக்கு எதிராக ஒரே ஓட்டத்தில் 92 கெஜம் கடந்தார். 1948 பருவத்துடன் ஓய்வு பெற்றார்.

1946 இலேயே, போட்டிக் கூட்டமைப்பைச் சேர்ந்த கிளீவ்லாந்து பிரவுன்ஸ் அணி மேரியன் மோட்லி, பில் வில்லிஸ் ஆகியோரைச் சேர்த்தது. எனினும் அனைத்து அணிகளும் மாற 1962 வரை ஆயிற்று.

பிற்காலம்

வாஷிங்டன் சில திரைப்படங்களில் நடித்தார். ராபின்சனின் வாழ்வைக் கூறும் 1950 ஆம் ஆண்டுப் படமும் அவற்றுள் ஒன்று. 1956 இல் கல்லூரிக் காற்பந்தாட்டப் புகழரங்கில் சேர்க்கப்பட்டார். பேஸ்பாலில் 1947 இல் நிறத்தடையைக் கடந்து உலகப்புகழ் பெற்ற ராபின்சன், தாம் கண்ட காற்பந்தாட்ட வீரர்களுள் வாஷிங்டனே தலைசிறந்தவர் என்றும், உரிய வாய்ப்பு உரிய காலத்தில் கிட்டாத வருத்தம் அவருக்கு இருந்தது என்றும் பின்னாளில் எழுதினார். வாஷிங்டன் தமது 52 ஆம் வயதில் லாஸ் ஏஞ்சலஸில் காலமானார்.